டயர் மாற்றப் போகும் குடும்பங்களுக்கு ஒரு திறந்த மடல்



ஒரு காரைத் தேர்ந்தெடுக்க நீங்கள் பல மாதங்கள் செலவிடுகிறீர்கள். மைலேஜ், பாதுகாப்புச் சோதனையில் பெற்ற நட்சத்திரங்கள், ஏர்பேக்குகளின் எண்ணிக்கை, வங்கிக் கடனின் வட்டி என ஒவ்வொன்றையும் வீட்டார் அனைவரும் கூடிப் பேசி, ஒப்பிட்டுப் பார்த்து, ஓட்டியும் பார்த்த பின்னரே முன்பணம் கட்டுகிறீர்கள். ஆனால் நான்கைந்து ஆண்டுகள் கழித்து அதே காருக்கு டயர் மாற்றும் நாள் வரும்போது, எந்த அளவில் எந்த டயர் என்பது கடை வாசலில் வண்டி நிற்கும் அரை மணி நேரத்துக்குள் முடிவாகிவிடுகிறது. அந்த முடிவைச் சொல்பவரும் பெரும்பாலும் நீங்கள் அல்லர். "ஒரு சைஸ் பெரிசா போட்டுடலாம் சார், ரோடு கிரிப் நல்லா இருக்கும், வண்டியும் பார்க்க கம்பீரமா இருக்கும்" என்ற ஒரு வாக்கியத்துக்கு நீங்கள் தலையசைத்தவுடன், பல பொறியாளர்கள் பல சோதனைகளுக்குப் பின் தீர்மானித்த ஓர் அளவு உங்கள் காரிலிருந்து கழற்றப்பட்டு, எந்தச் சோதனையும் காணாத வேறோர் அளவு மாட்டப்படுகிறது. அந்தத் தலையசைப்பைத் தள்ளிப்போடச் செய்வதே இம்மடலின் நோக்கம்.

குறை உங்களுடையது மட்டுமன்று. கார் உங்கள் கைக்கு வரும் நாளில் பாட்டு ஒலிப்பதையும் கைப்பேசியை இணைப்பதையும் ஷோரூமில் விளக்குகிறார்கள். ஓட்டுநர் பக்கக் கதவைத் திறந்து, கதவுத்தூணில் ஒட்டப்பட்டிருக்கும் சிறு தாளை விரல் வைத்துக் காட்டுபவர்கள் மிகக் குறைவு. அந்தக் காருக்கு உரிய டயர் அளவும், ஆட்கள் குறைவாக ஏறும்போதும் முழுச் சுமையோடு செல்லும்போதும் நிரப்ப வேண்டிய காற்றழுத்தமும் அந்தத் தாளில்தான் அச்சிடப்பட்டிருக்கின்றன. காரின் கையேட்டிலும் இவை உண்டு. உங்கள் காரைப் பற்றி எழுதப்பட்டவற்றுள் உங்கள் உயிரோடு மிக நெருங்கிய தொடர்புடைய சில வரிகள் இவையே. ஆண்டுக்கணக்கில் அவை படிக்கப்படாமலேயே இருக்கின்றன.

அந்த வரிகளைப் படிக்கக் கற்பது கடினமன்று. டயரின் பக்கச்சுவரில் 185/65 R15 88H என்று பொறிக்கப்பட்டிருப்பதாகக் கொள்ளலாம். 185 என்பது காற்று நிரப்பிய நிலையில் டயரின் அகலம், மில்லிமீட்டரில். 65 என்பது அந்த அகலத்தில் எத்தனை விழுக்காடு பக்கச்சுவரின் உயரம் என்பதைக் குறிக்கிறது. 185இல் 65 விழுக்காடு என்றால் சற்றேறக்குறைய 120 மில்லிமீட்டர். R என்பது ரேடியல் அமைப்பைக் காட்டுகிறது. அதாவது டயரின் உள்ளே இருக்கும் நூலிழைகள் ஒரு விளிம்பிலிருந்து மறு விளிம்புக்கு நேர்க்குறுக்காக ஓடுகின்றன என்று பொருள். 15 என்பது டயர் உட்காரும் ரிம்மின் விட்டம், அங்குலத்தில். இதுவரை சொன்னவற்றைக் கடைக்காரரும் சொல்வார், நீங்களும் கேட்டிருப்பீர்கள். அதற்குப் பின்னால் நிற்கும் 88H என்ற சிறு குறியீட்டைத்தான் இருவரும் பேச்சில் விட்டுவிடுகிறீர்கள்.

88 என்பது சுமைக் குறியெண். ஒரு டயர், அதற்கென வரையறுக்கப்பட்ட காற்றழுத்தத்தில், எவ்வளவு எடையைத் தாங்கலாம் என்பதை உலகெங்கும் ஒரே அட்டவணையின்படி குறிக்கும் எண் அது. 82 என்றால் 475 கிலோகிராம், 84 என்றால் 500, 88 என்றால் 560, 91 என்றால் 615. அடுத்து நிற்கும் எழுத்து வேகக் குறியீடு. T என்பது மணிக்கு 190 கிலோமீட்டரையும், H என்பது 210ஐயும், V என்பது 240ஐயும் குறிக்கின்றன. நம் சாலைகளில் எவரும் அந்த வேகத்தில் செல்லக் கூடாது என்பதால் இந்த எழுத்து வீணானது என்று எண்ணிவிட வேண்டாம். சுழலும் டயர் ஒவ்வொரு சுற்றிலும் தரையில் அழுந்தி நிமிர்கிறது. அப்போது ரப்பருக்குள் வெப்பம் பிறக்கிறது. வேகம் கூடக் கூட வெப்பமும் கூடுகிறது. வேகக் குறியீடு என்பது அந்த வெப்பத்தைத் தாங்கும் திறனின் அளவுகோல். சித்திரை வெயிலில் கொதிக்கும் தார்ச்சாலையில், முழுச் சுமையோடு, மூன்று நான்கு மணி நேரம் நிறுத்தாமல் ஓடும் காருக்கு அந்தத் திறன் எவ்வளவு மிச்சம் இருக்கிறதோ அவ்வளவும் தேவைப்படும்.

இனி, நீங்கள் முக்கியமாகக் கவனிக்க வேண்டிய இடம். அகலமான டயர் அதிக எடை தாங்கும் என்பது இயல்பாகத் தோன்றும் எண்ணம். பல நேரங்களில் அது தவறு. காரின் எடையின் பெரும்பகுதியைத் தாங்குவது ரப்பர் அன்று, ரப்பருக்குள் அடைபட்ட காற்று. காற்றுக்கு இடம் குறைந்தால், அழுத்தம் மாறாதவரை, தாங்கும் எடையும் குறையும். மேற்சொன்ன 185/65 R15 டயரைக் கழற்றிவிட்டு, பெரிய அலாய் வீலுக்கு ஆசைப்பட்டு 205/45 R17 போடுவதாக வைத்துக்கொள்ளுங்கள். வெளி விட்டம் கிட்டத்தட்ட ஒன்றே. அகலம் 20 மில்லிமீட்டர் கூடுகிறது. பார்வைக்கு டயர் பெரிதாகிவிட்டது. ஆனால் ரிம் உள்ளிருந்து வளர்ந்து காற்றின் இடத்தைப் பிடித்துக்கொண்டது. பக்கச்சுவர் 120 மில்லிமீட்டரிலிருந்து 92ஆகச் சுருங்கிவிட்டது. இந்த அளவில் வரும் சாதாரண டயரின் சுமைக் குறியெண் 84. அதாவது ஒரு டயருக்கு 60 கிலோகிராம், நான்கு டயருக்கும் சேர்த்து 240 கிலோகிராம், உங்கள் காரின் தாங்கும் திறனிலிருந்து கழிந்துவிட்டது. இதே அளவில் எக்ஸ்எல் என்று குறிக்கப்பட்ட, உள்கட்டு வலுவூட்டப்பட்ட டயர்கள் 88 குறியெண்ணோடு கிடைக்கின்றன. ஆனால் அவை அந்த எடையைத் தாங்குவதற்குக் கூடுதல் காற்றழுத்தம் வேண்டும், அந்த அழுத்தம் உங்கள் கதவுத்தூண் தாளில் இருக்காது. அளவை மாற்றியவர்களுள் எத்தனை பேருக்குப் புதிய அழுத்தம் எவ்வளவு என்று எழுதிக் கொடுக்கப்பட்டது என்று விசாரித்துப் பாருங்கள்.

ஒருவர் மட்டும் அலுவலகம் சென்று திரும்பும் காரில் இந்த 240 கிலோகிராம் இழப்பு வெளியே தெரியாமல் போகலாம். குடும்பக் காரின் வாழ்க்கை அப்படிப்பட்டதன்று. தீபாவளிக்கும் பொங்கலுக்கும் சென்னையிலிருந்து தென்மாவட்டங்களை நோக்கி ஓடும் கார்களில் ஐந்து பெரியவர்கள் இருக்கிறார்கள், மடியில் குழந்தைகள் இருக்கிறார்கள், பின்பெட்டியில் துணிமணிகளும் பலகாரத் தூக்குகளும் இருக்கின்றன, திரும்பும்போது அரிசி மூட்டையும் தேங்காய்களும் சேர்கின்றன. கூடுதல் எடையின் பெரும்பங்கு பின்னிரு டயர்கள்மீதே விழுகிறது; அவற்றுக்கு நேர் மேலேதான் உங்கள் பிள்ளைகளும் பெற்றோரும் அமர்ந்திருக்கிறார்கள். தாங்கும் திறனை மீறிய எடை, குறைந்த காற்று, வெயில், நீண்ட நேர வேகம் ஆகியவை ஒன்று சேரும்போது பக்கச்சுவர் அளவுக்கு மேல் வளைந்து, உள்ளே வெப்பம் ஏறி, இழைகளுக்கும் ரப்பருக்கும் இடையிலான பிணைப்பு தளர்கிறது. நெடுஞ்சாலைச் செய்திகளில் "டயர் வெடித்து" என்ற இரண்டு சொற்களாக வந்து முடிவது பலமுறை இப்படித் தொடங்கியதுதான்.

அகலம் கூடினால் சாலைப் பிடிப்பு கூடும் என்ற வாதத்தையும் பொறுமையாக ஆராய வேண்டும், ஏனெனில் அதில் ஒரு பாதி உண்மை. காற்றழுத்தம் 33 பி.எஸ்.ஐ. உள்ள ஒரு டயரின் மேல் 350 கிலோகிராம் எடை நின்றால், அது தரையைத் தொடும் பரப்பு ஏறக்குறைய 150 சதுர சென்டிமீட்டர். வளர்ந்த ஒருவர் விரித்து வைத்த கையின் அளவு. எடையும் அழுத்தமும் மாறாதபோது, டயரை அகலமாக்கினாலும் இந்தப் பரப்பு பெரிதாகக் கூடுவதில்லை. நீளமாக இருந்தது குட்டையாகி அகலமாகிறது, அவ்வளவே. உலர்ந்த சாலையில் வேகமாக வளைவு எடுப்பவருக்கு அகலமான வடிவமும் குட்டையான பக்கச்சுவரும் சற்று உதவும் என்பது மெய். ஆனால் சாலையில் நீர் நிற்கும்போது நிலைமை தலைகீழாகிறது. அகலமான டயர் தன் முன்னால் உள்ள அதிக நீரை விலக்கியாக வேண்டும். விலக்க முடியாத வேகத்தில் டயருக்கும் சாலைக்கும் இடையே நீர்ப்படலம் புகுந்து, கார் நீரின்மேல் மிதக்கத் தொடங்கும். அந்த நொடியில் ஸ்டியரிங்கும் பிரேக்கும் பயன்படா. இப்படி மிதக்கத் தொடங்கும் வேகம் காற்றழுத்தத்தைப் பொறுத்தது என்பதை அமெரிக்க விண்வெளி நிறுவனமான நாசா, விமானச் சக்கரங்களை ஆராய்ந்து 1960களிலேயே சூத்திரமாக்கியது. அதன்படி 33 பி.எஸ்.ஐ. உள்ள டயருக்கு அது மணிக்கு ஏறக்குறைய 95 கிலோமீட்டர், 24 பி.எஸ்.ஐ.க்கு ஏறக்குறைய 80. தேய்ந்த டயரிலும் அகலமான டயரிலும் இது இன்னும் முன்னதாகவே நேரலாம். ஐப்பசி, கார்த்திகை மாதங்களில் வடகிழக்குப் பருவமழை கொட்டும் ஊர்களில் வாழும் நீங்கள், உலர்ந்த சாலையில் கிடைக்கும் சிறு நன்மைக்காக ஈரச் சாலையின் பாதுகாப்பை விட்டுக்கொடுப்பது எவ்வாறு நியாயமாகும்?

பக்கச்சுவரின் உயரத்தையும் வெறும் தோற்றமாகப் பார்க்க வேண்டாம். அடையாளக் கோடு அழிந்துபோன வேகத்தடை, மழை நீருக்குள் மறைந்த பள்ளம், தோண்டி மூடிய குழாய்க் குழியின் கூரிய விளிம்பு ஆகியவற்றின் அடியை முதலில் வாங்கி உள்ளடக்கிக்கொள்வது அதுதான். 120 மில்லிமீட்டர் உயரமுள்ள சுவர் வளைந்து சமாளிக்கும் அடியில், 92 மில்லிமீட்டர் சுவர் முழுவதும் நசுங்கி, ரிம்மின் விளிம்புக்கும் பள்ளத்தின் விளிம்புக்கும் நடுவே வெட்டுப்படுகிறது. உள்ளிழைகள் அறுந்த இடத்தில் சில நாட்களில் ஒரு வீக்கம் தோன்றும். அந்த வீக்கத்தைப் பஞ்சர் கடையில் சரிசெய்ய முடியாது, அந்த டயரைக் கழற்றிப் போடுவது ஒன்றே வழி. அலாய் வீல் விரிசல் கண்டால் அதற்கும் பெரும்பாலும் இதே கதிதான். சஸ்பென்ஷனுக்கும் ஸ்டியரிங் இணைப்புகளுக்கும் கூடுதலாகச் செல்லும் அதிர்ச்சி உடனே தெரியாது. முதுகுவலி உள்ள முதியவர் பின்னிருக்கையில் இருந்தால் அவர் முதலில் சொல்வார்.

வெளி விட்டம் என்பது மற்றொன்று. ரிம்மின் விட்டத்தை 25.4ஆல் பெருக்கி, பக்கச்சுவர் உயரத்தின் இருமடங்கைக் கூட்டினால் டயரின் மொத்த உயரம் கிடைக்கும். இந்தக் கணக்கை ஒருமுறை நீங்களே போட்டுப் பாருங்கள். மாருதி சுசுகி ஸ்விஃப்ட் காரின் தொடக்க வகைகளில் வரும் 165/80 R14 டயருக்கு ஏறக்குறைய 620 மில்லிமீட்டர். அதே காரின் உயர்வகையில் வரும் 185/65 R15 டயருக்கு 621.5, அதே நிறுவனத்தின் பலேனோவின் உயர்வகைகளில் வரும் 195/55 R16 டயருக்கு 621. மூன்று ரிம்கள், மூன்று அகலங்கள், ஆனால் வெளி விட்டத்தில் வேறுபாடு இரண்டு மில்லிமீட்டருக்குள். தயாரிப்பாளர் எதை மாற்றினாலும் எதை மாற்றாமல் காக்கிறார் என்பது இதிலிருந்து விளங்கும். ஏனெனில் வேகமானி, தூரமானி, கியர் விகிதம், பிரேக், சக்கரம் பூட்டிக்கொள்ளாமல் காக்கும் ஏபிஎஸ் ஆகியவையெல்லாம் அந்த விட்டத்தை வைத்தே கணக்கிடப்பட்டவை.

அதே 185/65 R15 இருந்த இடத்தில், ரிம் மாற்ற வேண்டியதில்லை என்ற வசதிக்காக 205/65 R15 போடப்படுவதுண்டு. அதன் விட்டம் 647.5 மில்லிமீட்டர்; நான்கு விழுக்காட்டுக்கு மேல் கூடுதல். தயாரிப்பாளர்கள் வேகமானியைச் சற்றுக் கூட்டிக் காட்டும்படியே அமைப்பது வழக்கம். அந்தச் சிறு காப்பை இந்த நான்கு விழுக்காடு அரித்துவிடும். சக்கரத்தின் ஆரம் கூடியதால், பிரேக் அதே விசையோடு பிடித்தாலும் தரையில் கிடைக்கும் தடுப்பு அதே விகிதத்தில் குறைகிறது. கொல்லிமலையின் 70 கொண்டை ஊசி வளைவுகளில் முழுச் சுமையோடு இறங்கும் காருக்கு அந்த நான்கு விழுக்காடு பொருட்படுத்தத் தக்கது. போதாதென்று, ஸ்டியரிங்கை முழுதும் திருப்பும்போதோ, பின்னிருக்கை நிறைந்து வண்டி தாழும்போதோ, டயர் உள்மட்கார்டில் உரசத் தொடங்கும். காலியான காரைக் கடை வாசலில் நிறுத்திப் பார்க்கும்போது இந்த உரசல் தெரியாது. விட்டம் இரண்டு, மூன்று விழுக்காட்டுக்கு மேல் மாறக் கூடாது என்று இத்துறையினர் பொதுவாகச் சொல்வார்கள். குடும்பக் காருக்கு இன்னும் குறுகிய எல்லையே நல்லது.

வீலைப் பற்றியும் சில சொற்கள் தேவை, ஏனெனில் டயரைவிட வீலைத் தவறாகத் தேர்ந்தெடுப்பது எளிது. ஒவ்வொரு டயர் அளவுக்கும் இன்ன அகலத்திலிருந்து இன்ன அகலம் வரையுள்ள ரிம்மில்தான் மாட்டலாம் என்ற வரம்பு உண்டு. 185/65 R15 டயருக்கு அது 5 முதல் 6.5 அங்குலம். குறுகிய ரிம்மில் அகன்ற டயரை மாட்டினால் பக்கச்சுவர் பிதுங்கி வளைவுகளில் தளும்பும். அகன்ற ரிம்மில் குறுகிய டயரை மாட்டினால் விளிம்பு இழுபட்டு நிற்கும். வீலில் உள்ள துளைகளின் எண்ணிக்கையையும் அவை அமைந்த வட்டத்தின் விட்டத்தையும் பி.சி.டி. என்பார்கள், ஸ்விஃப்ட் போன்ற சிறிய கார்கள் பலவற்றில் அது நான்கு துளை, 100 மில்லிமீட்டர், இன்னோவா கிரிஸ்டாவில் ஐந்து துளை, 114.3 மில்லிமீட்டர். இது பொருந்தாவிட்டால் வீல் மாட்டவே முடியாது என்பதால் இதில் தவறு நேர்வது குறைவு. ஆனால் நடுத்துளை பெரிதாக இருந்தால் வீல் மாட்டப்படும். அது ஹப்பின்மேல் சரியாக உட்காராமல் நட்டுகளின் பிடியிலேயே தொங்கும். எத்தனை முறை பேலன்சிங் செய்தாலும் அதிர்வு போகாது. துளைகளின் சாய்வுக்குப் பொருந்தாத பழைய நட்டுகளையே போட்டு முறுக்குவது இதனினும் ஆபத்தானது.

ஆஃப்செட் என்பது இவற்றுள் மிகவும் மறைவானது. வீலின் அகலத்தின் நடுக்கோட்டுக்கும், அது ஹப்போடு பொருந்தும் முகப்புக்கும் இடையே உள்ள தொலைவே ஆஃப்செட். வீலில் அது ET என்ற எழுத்துகளுக்குப் பின் மில்லிமீட்டரில் பொறிக்கப்பட்டிருக்கும். அந்த எண்ணைக் குறைத்தால் சக்கரம் வெளியே தள்ளி நிற்கும். விளையாட்டுக் கார் போன்ற அந்தத் தோற்றத்துக்காகவே சிலர் அதை விரும்புகிறார்கள். ஆனால் எடை செயல்படும் கோடு வெளியே நகர்ந்ததால் வீல் பேரிங்கின் சுமை கூடுகிறது, ஸ்டியரிங் கனக்கிறது, ஒரு பக்கச் சக்கரம் மட்டும் நீரிலோ மணலிலோ ஏறும்போது கார் அந்தப் பக்கம் இழுக்கிறது. இவற்றில் எதையும் கடையில் பொருத்திப் பார்க்கும் பத்து நிமிடங்களில் உணர முடியாது என்பதை மறவாதீர்கள்.

இவ்வளவையும் கேட்ட பின், உங்களுள் பலர் ஒரு நியாயமான எதிர்வாதத்தை முன்வைப்பீர்கள்: தொடக்க வகைக் கார்களில் தயாரிப்பாளர்கள் செலவைக் குறைக்கவே சிறிய டயர்களைப் போடுகிறார்கள், அதை மாற்றுவது எப்படித் தவறாகும்? இந்த வாதத்தில் உண்மை உண்டு, அதை மறுக்க வேண்டியதில்லை. விலையும் மைலேஜும் அந்தத் தேர்வில் பங்கு வகிக்கின்றன. அதனால்தான் இம்மடல் எந்த அளவையும் எப்போதும் மாற்றக் கூடாது என்று சொல்லவில்லை. உங்கள் காரின் அதே மாடலில், அதே எஞ்சினோடு, உயர்வகையில் தயாரிப்பாளரே கொடுக்கும் டயரும் வீலும் உங்களுக்குத் திறந்திருக்கும் வழி. ஸ்விஃப்டில் 165/80 R14 உள்ளவர் அதே காரின் 185/65 R15 வீலோடு சேர்ந்த அளவுக்கு மாறலாம். வேறு சில மாற்றங்களும் கணக்குக்கு நிற்கும்: 155/80 R13 டயருக்குப் பதிலாக 175/70 R13 போடும்போது வெளி விட்டம் மூன்று மில்லிமீட்டர்தான் குறைகிறது, சுமைக் குறியெண் 79இலிருந்து 82ஆகக் கூடுகிறது, ரிம்மின் அகலம் அதற்குரிய வரம்புக்குள் இருந்தால் அதைக் குறை சொல்ல முடியாது. கணக்குப் போட்டு, சுமைக் குறியெண் குறையாமல், விட்டம் பிறழாமல் செய்யப்படும் மாற்றம் வேறு; கண்ணுக்கு அழகாக இருக்கிறது என்று செய்யப்படும் மாற்றம் வேறு. பின்னதில்தான் உங்கள் குடும்பத்தின் பாதுகாப்பு கேட்பாரற்றுப் போகிறது.

சட்டத்தின் நிலையும் சுருக்கமாகச் சொல்லத் தக்கது. 1988ஆம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டத்தின் 52ஆவது பிரிவு, பதிவுச் சான்றில் உள்ள விவரங்கள் தயாரிப்பாளர் முதலில் குறிப்பிட்டவற்றிலிருந்து மாறுபடும்படி வாகனத்தை மாற்றியமைப்பதைத் தடை செய்கிறது. 2019இல் உச்ச நீதிமன்றமும் இப்பிரிவின் கண்டிப்பை உறுதி செய்தது. விபத்துக்குப் பின் காப்பீட்டுத் தொகை கோரும்போது, மாற்றப்பட்ட வீல்கள் ஒரு கேள்வியாக எழுப்பப்படலாம். அந்த நேரத்தில் கடைக்காரர் உங்கள் பக்கம் வந்து நிற்க மாட்டார்.

சரியான அளவைத் தேர்ந்தெடுத்த பின்னும் அதைக் கெடுக்கும் வழிகள் உள்ளன. எல்லாக் கார்களுக்கும் ஒரே அழுத்தத்தை நிரப்பும் பழக்கம் பல இடங்களில் உண்டு. உங்கள் காருக்குரிய எண்ணை நீங்கள் சொல்லிக் கேளுங்கள், ஓட்டிச் சூடேறுவதற்கு முன் நிரப்புங்கள், நெடும்பயணத்துக்கு முன் முழுச் சுமைக்குரிய எண்ணுக்கு ஏற்றுங்கள். நைட்ரஜனுக்குத் தனிப் பணம் கொடுப்பதில் பெரிய பயன் இல்லை. சாதாரணக் காற்றிலேயே ஐந்தில் நான்கு பங்குக்குச் சற்றுக் குறைவாக நைட்ரஜன்தான் இருக்கிறது. டயரின் பள்ளங்கள் 1.6 மில்லிமீட்டருக்குக் கீழே தேய்ந்தால் அதை ஓட்டுவது விதிக்கு மாறானது. ஆனால் மழைக்காலத்தில் மூன்று மில்லிமீட்டரிலேயே மாற்றுவது அறிவுடைமை. ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும் வெளியே எடுக்கப்படும் கார்களில் டயர் தேய்வதில்லை, ஆனால் ரப்பர் முதுமை அடைகிறது. பக்கச்சுவரில் DOT என்ற எழுத்துகளோடு தொடங்கும் வரிசையின் கடைசி நான்கு எண்கள் 3223 என்றிருந்தால், அந்த டயர் 2023ஆம் ஆண்டின் 32ஆவது வாரத்தில் செய்யப்பட்டது. ஐந்தாண்டு கடந்த டயரை ஆண்டுதோறும் தகுந்தவரிடம் காட்டுங்கள். இரண்டு டயர் மட்டுமே வாங்கப் பணம் இருந்தால் அவற்றைப் பின்னால் போடுங்கள். பிடிப்புக் குறைந்த டயர் முன்னால் இருந்தால் கார் திரும்ப மறுக்கும், வேகத்தைக் குறைத்துச் சமாளிக்கலாம். பின்னால் இருந்தால் ஈரச் சாலையில் காரே சுழன்றுவிடும். ஸ்டெப்னியையும் மறவாதீர்கள்: பல கார்களில் அது மற்ற நான்கைவிடச் சிறிய அளவில், 80 கிலோமீட்டர் வேகத்தைத் தாண்டக் கூடாது என்ற எச்சரிக்கையோடு வருகிறது, அதை மாட்டிக்கொண்டு ஊர் வரை போய்விடலாம் என்று எண்ணக் கூடாது.

தமிழ்நாட்டில் வாழும் உங்களுக்கு இவ்விஷயத்தில் அறியாமைக்குச் சாக்குச் சொல்ல இடமில்லை என்றும் உரிமையோடு கூற வேண்டியிருக்கிறது. 1946இல் திருவொற்றியூரில் பலூன் செய்யும் சிறு தொழிலாகத் தொடங்கிய எம்.ஆர்.எஃப். இன்று நாட்டின் பெரிய டயர் நிறுவனங்களுள் ஒன்று. ஒரகடத்திலும் ஸ்ரீபெரும்புதூரிலும் தேர்வாய்கண்டிகையிலும் உலகச் சந்தைக்கான டயர்கள் உருவாகின்றன. ஒவ்வொரு டயரின்மேலும் அதன் தாங்கும் எடையும் வேகமும் பிறந்த வாரமும் பொறிக்கப்படும் வேலையில் உங்கள் ஊர்ப் பிள்ளைகளின் கைகளே ஈடுபட்டிருக்கின்றன. அவர்கள் பொறித்ததை நீங்கள் படிக்க வேண்டும்.

ஆகவே உங்களிடம் வைக்கப்படும் வேண்டுகோள் இது. அடுத்த முறை டயர்க் கடைக்குச் செல்வதற்கு முந்தைய நாள், ஓட்டுநர் பக்கக் கதவைத் திறந்து அந்தத் தாளைக் கைப்பேசியில் படமெடுத்துக்கொள்ளுங்கள். இப்போது மாட்டியிருக்கும் டயரின் முழுக் குறியீட்டையும், கடைசி இரண்டு இலக்கமும் எழுத்தும் உட்பட, எழுதிக்கொள்ளுங்கள். இரண்டும் ஒத்திருக்கவில்லை என்றால் உங்களுக்கு முன் வைத்திருந்தவரோ கடைக்காரரோ ஏதோ மாற்றியிருக்கிறார் என்று பொருள். தாளில் உள்ளதையே நம்புங்கள். கடையில் அளவை மட்டும் கேட்காமல், சுமைக் குறியெண்ணையும் வேகக் குறியீட்டையும் கேளுங்கள். இரண்டில் ஒன்று உங்கள் தாளில் உள்ளதைவிடக் குறைவாக இருந்தால், தள்ளுபடி எவ்வளவு ஆனாலும் மறுத்துவிடுங்கள். வேறு அளவு பரிந்துரைக்கப்பட்டால், வெளி விட்டம் எவ்வளவு மாறுகிறது, எந்த ரிம் அகலத்துக்கு உரியது, ஆஃப்செட் என்ன, முழுச் சுமையில் எவ்வளவு காற்று நிரப்ப வேண்டும் என்ற நான்கு கேள்விகளுக்கும் தாளில் எழுதிப் பதில் கேளுங்கள். பதில் வராவிட்டால் அன்று டயர் மாற்றாமல் திரும்புங்கள். வாங்கிய டயரின் முழுக் குறியீடும் தயாரிப்பு வாரமும் ரசீதில் எழுதப்படும் வரை பணம் கொடுக்காதீர்கள். பெரிய வீலுக்கென ஒதுக்கிய தொகை கையில் மிஞ்சினால், அதே அளவில் ஈரச் சாலைப் பிடிப்பு மேலான டயரை வாங்கவும், வீல் அலைன்மென்ட் செய்யவும், ஒரு நல்ல காற்றழுத்தமானியை வாங்கிக் காரிலேயே வைத்திருக்கவும் செலவிடுங்கள். பத்து வாடிக்கையாளர்கள் தொடர்ந்து ரசீதில் சுமைக் குறியெண்ணை எழுதச் சொல்லிக் கேட்டால், பதினோராவது ஆளுக்கு அந்தக் கடைக்காரர் கேட்காமலேயே எழுதிக் கொடுப்பார்.